பெங்களூருவில் நான்கு அரை நாள்கள்: பூங்காக்களும் பழங்கற்களும்

தமிழகத்திலிருந்து பெங்களூருவுக்குச் செல்லாத குடும்பம் இன்று அரிது. பணியில் இருக்கும் பிள்ளைகளைக் காணவும், நேர்முகத் தேர்வுக்கும், திருமணங்களுக்கும் அங்கே போய் வருகிறோம். ஆயினும் அந்நகரைக் காண்பதற்கென்றே செல்வோர் மிகச் சிலர். கணினி நிறுவனங்களும் வணிக வளாகங்களும் நெரிசல் மிகுந்த சாலைகளுமே பெங்களூரு என்ற எண்ணம் நம்மிடையே பரவியிருப்பது இதற்கு ஒரு காரணம். பிள்ளைகளின் பள்ளி விடுமுறைக்கும் நமது அலுவலக விடுப்புக்கும் இடையே கிடைப்பது பெரும்பாலும் ஒரு சனி, ஒரு ஞாயிறு மட்டுமே என்பது மற்றொரு காரணம்.

அந்த இரண்டு நாள்கள் போதுமானவை. 300 கோடி ஆண்டுப் பழமையுள்ள பாறை, ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய போர் நினைவுக்கல், 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு, 16ஆம் நூற்றாண்டுக் கோயில், 18ஆம் நூற்றாண்டு அரண்மனை, 19ஆம் நூற்றாண்டுப் பூங்கா ஆகிய அனைத்தும் இரண்டு மெட்ரோ வழித்தடங்களை ஒட்டியே அமைந்துள்ளன. எவற்றை எந்த வரிசையில் காண்பது என்பதை வீட்டிலிருந்து புறப்படும் முன்பே முடிவு செய்துகொள்ள வேண்டும். அவ்வாறு செய்யாதவர்களின் விடுமுறையில் பாதி, வாடகைக் காரில் போக்குவரத்து விளக்குகளின் முன்னே கழிந்துவிடும்.

தொலைவைக் கணக்கிடாதீர், நேரத்தைக் கணக்கிடுங்கள்

பெங்களூருவில் ஐந்து கிலோமீட்டர் என்பது காலை ஏழு மணிக்கு ஒரு தொலைவு. மாலை ஏழு மணிக்கு வேறொரு தொலைவு. எனவே இரண்டு நாள்களை நான்கு அரை நாள்களாகப் பிரித்துக்கொண்டு, ஓர் அரை நாளுக்கு ஒரே பகுதி என்ற விதியை வகுத்துக்கொள்வது நன்று. பகுதி மாறும் பயணத்தை நண்பகலில், மெட்ரோ ரயிலில் வைத்துக்கொள்ளலாம்.

இதற்கு இரண்டு வழித்தடங்களை அறிந்தால் போதும். பச்சை வழித்தடத்தில் லால்பாக், நேஷனல் கல்லூரி, கிருஷ்ணராஜேந்திரா மார்க்கெட் ஆகிய நிலையங்கள் அடுத்தடுத்து உள்ளன. ஊதா வழித்தடத்தில் விதான சௌதா, கப்பன் பார்க், மகாத்மா காந்தி சாலை, டிரினிட்டி, அலசூரு, இந்திராநகர் ஆகியவை வரிசையாக வருகின்றன. இரண்டும் சந்திக்கும் இடம் மெஜஸ்டிக். அதன் அருகிலேயே பெங்களூரு நகர ரயில் நிலையமும் வெளியூர்ப் பேருந்து நிலையமும் இருக்கின்றன. தங்கும் விடுதியை இவ்விரு வழித்தடங்களில் ஏதேனும் ஒரு நிலையத்திலிருந்து நடந்து செல்லும் தொலைவில் அமைத்துக்கொண்டால், வாடகை சற்றுக் கூடினாலும் வண்டிச் செலவும் நேரமும் மிச்சமாகும்.

சென்னையிலிருந்து விரைவு ரயிலில் பெங்களூரு ஏறத்தாழ ஐந்து மணி நேரப் பயணம். கோயம்புத்தூரிலிருந்தும் மதுரையிலிருந்தும் வந்தே பாரத் ரயில்கள் ஓடுகின்றன. வெள்ளி இரவே சென்று சேர்பவர்களுக்கு நான்கு அரை நாள்களும் முழுமையாகக் கிடைக்கும். சனிக்கிழமை காலையில் புறப்படுவோர் அவற்றுள் ஒன்றை இழக்க நேரிடும்.

முதல் அரை நாள்: லால்பாக் முதல் கவிபுரம் வரை

சனிக்கிழமைக் காலையை லால்பாக்கில் தொடங்கலாம். 1760இல் ஹைதர் அலி அமைக்கத் தொடங்கி, திப்பு சுல்தான் விரிவுபடுத்திய இத்தோட்டம் இன்று 240 ஏக்கர் பரப்புடையது. லண்டனின் படிக மாளிகையை முன்மாதிரியாகக் கொண்ட கண்ணாடி மாளிகைக்கு 1889இல் அடிக்கல் நாட்டப்பட்டது. குடியரசு நாள், விடுதலை நாள் ஆகியவற்றை ஒட்டி ஆண்டுக்கு இருமுறை இங்கு மலர்க் கண்காட்சி நடைபெறுகிறது. மலர்களைக் காண்பதே நோக்கமெனில் அந்நாள்களில் செல்லலாம். அமைதியாக உலவ விரும்புவோர் அவ்வாரங்களைத் தவிர்ப்பது நலம்.

லால்பாக்கின் மிகப் பழைய பொருள் அதன் மரங்களுள் இல்லை; அங்குள்ள பாறைக்குன்றே அது. நைஸ் வகையைச் சேர்ந்த இப்பாறையின் வயது ஏறத்தாழ 300 கோடி ஆண்டுகள். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை இதனைத் தேசியப் புவியியல் நினைவுச் சின்னமாக அறிவித்துள்ளது. இதன் உச்சியில் நிற்கும் சிறு கோபுரம், பெங்களூருவை 1537இல் நிறுவியவராகக் கருதப்படும் கெம்பே கௌடரின் மரபினர் எழுப்பிய நான்கு எல்லைக் கோபுரங்களுள் ஒன்றாகும். நகரம் இந்த எல்லைக்குள் அடங்கியிருந்த காலத்தையும் இன்று அது பரவியுள்ள பரப்பையும் ஒருசேர எண்ணிப் பார்க்க இதைவிடப் பொருத்தமான இடமில்லை.

இங்கிருந்து பசவனகுடி அருகில்தான். ஒரே கல்லில் செதுக்கப்பட்ட, ஏறத்தாழ 4.5 மீட்டர் உயரமும் 6 மீட்டர் நீளமும் உடைய பெரிய நந்தி அங்கு வீற்றிருக்கிறது. கார்த்திகை மாதத்தின் கடைசித் திங்களன்று இக்கோயிலைச் சுற்றி நடைபெறும் கடலைக்காய்ச் சந்தை புகழ்பெற்றது. கோயிலை ஒட்டிய பியூகிள் ராக் பூங்காவிலும் லால்பாக் குன்றைப் போன்றே தொன்மையான பாறைகளைக் காணலாம். சிறிது தொலைவில் கவிபுரத்தில் குடைவரையாக அமைந்த கவி கங்காதரேசுவரர் கோயில் உள்ளது. மகர சங்கராந்தி மாலையில் கதிரவனின் ஒளி நந்தியின் கொம்புகளுக்கிடையே புகுந்து லிங்கத்தின்மீது விழுமாறு இது அமைக்கப்பட்டுள்ளது. முற்றத்தில் நிற்கும் ஒற்றைக்கல் சூலமும் உடுக்கையும் ஞாயிறு, திங்கள் வட்டங்களைத் தாங்கும் தூண்களும் நின்று பார்க்கத் தக்கவை. கோயில்கள் நண்பகலில் நடை சாத்தப்படும் என்பதால், லால்பாக்கிலிருந்து பத்து மணிக்குள் புறப்பட்டுவிட வேண்டும்.

இரண்டாம் அரை நாள்: கோட்டையும் மரமாளிகையும்

உணவுக்குப் பின் நேஷனல் கல்லூரி நிலையத்தில் ஏறினால் அடுத்த நிலையம் கிருஷ்ணராஜேந்திரா மார்க்கெட். அதன் அருகே பெங்களூருக் கோட்டையின் எஞ்சிய பகுதி நிற்கிறது. கெம்பே கௌடர் மண்ணால் எழுப்பிய கோட்டை, ஹைதர் அலியின் காலத்தில் கல்லால் வலுப்படுத்தப்பட்டது. 1791 மார்ச்சில் கார்ன்வாலிஸ் தலைமையிலான ஆங்கிலேயப் படை இதனைத் தகர்த்துக் கைப்பற்றியது. இப்போது காணக் கிடைப்பது தில்லி வாயிலும் அதை ஒட்டிய சில மதில்களும்தான். வாயிலின் உட்புறத்தில் செதுக்கப்பட்டுள்ள விநாயகர் உருவம் பலரது கண்ணுக்குத் தப்பிவிடுகிறது.

சிறிது நடந்தால் திப்புவின் கோடைக்கால அரண்மனை. ஹைதர் அலி தொடங்கி, திப்பு 1791இல் முடித்த இம்மாளிகை தேக்குமரத் தூண்களாலும் வளைவுகளாலும் ஆனது. திப்புவின் வீழ்ச்சிக்குப் பின் ஆங்கிலேயரின் தலைமைச் செயலகம் இங்கே இயங்கியது. இடம் போதாமல் 1868இல் அது வேறொரு கட்டடத்திற்கு மாறியது. அக்கட்டடம் மறுநாள் காலையில் நம் வழியில் வரும். தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள இந்த அரண்மனை மாலையில் மூடப்படும் என்பதால், நான்கு மணிக்குள் உள்ளே சென்றுவிடுவது நல்லது. வெளியே வந்தபின் மார்க்கெட்டின் பூக்கடைகளையும் சிக்பேட்டைத் துணிக்கடைகளையும் காணலாம். கடைவீதியைக் கடைசியாக வைத்துக்கொள்வதில் ஒரு நன்மை உண்டு. வாங்கிய பொதிகளைச் சுமந்துகொண்டு அரண்மனையைச் சுற்றிவர வேண்டியதில்லை.

மூன்றாம் அரை நாள்: கப்பன் பூங்காவும் ஒரு வேட்டை நாயின் நினைவுக்கல்லும்

ஞாயிறு காலைக்குக் கப்பன் பூங்காவே உகந்தது. அன்று பூங்காவின் உட்சாலைகளில் வாகனங்களுக்கு அனுமதியில்லை. குழந்தைகள் தடையின்றி ஓடியாடலாம். 1870இல் ரிச்சர்ட் சாங்கி என்ற பொறியாளர் இதனை வடிவமைத்தார். பூங்காவின் ஓரத்தில் செந்நிறத்தில் நிற்கும் அட்டாரா கச்சேரிதான் 1868இல் திப்புவின் அரண்மனையிலிருந்து செயலகம் குடிபெயர்ந்த கட்டடம். பதினெட்டுத் துறைகளின் அலுவலகம் என்பது அப்பெயரின் பொருள். இப்போது அங்கே கர்நாடக உயர் நீதிமன்றம் இயங்குகிறது.

பூங்காவை ஒட்டிய கஸ்தூர்பா சாலையில் அரசு அருங்காட்சியகம் உள்ளது. 1865இல் தோற்றுவிக்கப்பட்ட இது, நாட்டின் பழமையான அருங்காட்சியகங்களுள் ஒன்று. தமிழ் வாசகர்கள் இங்கே தேடிக் காண வேண்டிய கல் ஒன்று உண்டு. மாண்டியா மாவட்டத்து ஆதகூரில் கிடைத்த, 10ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சேர்ந்த நினைவுக்கல் அது. பராந்தக சோழனின் மகன் இராசாதித்தன், இன்றைய இராணிப்பேட்டை மாவட்டத்திலுள்ள தக்கோலத்தில் இராட்டிரகூடருடன் பொருது யானைமீதே உயிர்துறந்த போரைப் பற்றி நாம் பள்ளியில் படித்திருக்கிறோம். அப்போரின் செய்தியை, வென்றவர்கள் தரப்பிலிருந்து கூறுகிறது இக்கல். போரில் வீரம் காட்டிய மணலரன் என்பவன், பரிசாக என்ன வேண்டும் என்று தன் தலைவன் கேட்டபோது, காளி என்ற வேட்டை நாயைக் கேட்டுப் பெற்றான். பின்னர் அந்த நாய் ஒரு பெரிய காட்டுப்பன்றியுடன் போராடியது, இரண்டும் மாண்டன. நாயின் நினைவாக நடப்பட்டதே இக்கல். நாயும் பன்றியும் மோதும் காட்சி அதில் செதுக்கப்பட்டுள்ளது. சோழ நாட்டின் போக்கையே மாற்றிய ஒரு போரைப் பற்றிய முதன்மையான சான்றுகளுள் ஒன்று, ஒரு நாயின் நடுகல்லில் நமக்குக் கிடைத்திருக்கிறது. அருங்காட்சியகங்கள் பொதுவாகத் திங்களன்று மூடப்பட்டிருக்கும். புதுப்பிப்புப் பணிகளுக்காகவும் சில காலம் மூடப்படுவது வழக்கம் என்பதால், செல்லும் முன் தொலைபேசியில் கேட்டறிந்துகொள்க.

நான்காம் அரை நாள்: அலசூரும் தொம்பலூரும்

கப்பன் பார்க் நிலையத்திலிருந்து மூன்றாவது நிலையம் அலசூரு. தமிழர்கள் நெடுங்காலமாக வாழ்ந்துவரும் பகுதி இது. இங்குள்ள சோமேசுவரர் கோயிலின் தூண்களில் விஜயநகரக் கலைமரபைக் காணலாம். அலசூரு ஏரிக்கரையில் திருவள்ளுவர் சிலை நிற்கிறது. நிறுவப்பட்டும் பல ஆண்டுகள் மூடியே வைக்கப்பட்டிருந்த இச்சிலை, 2009 ஆகஸ்ட் 9 அன்று திறந்துவைக்கப்பட்டது. அடுத்த சில நாள்களில் கன்னடக் கவிஞர் சர்வக்ஞரின் சிலை சென்னையில் திறக்கப்பட்டது.

அடுத்த நிலையமான இந்திராநகரில் இறங்கி ஆட்டோவில் சென்றால் தொம்மலூரு. அலுவலகக் கட்டடங்களுக்கிடையே மறைந்திருக்கும் சொக்கநாதசுவாமி கோயில் இங்கே உள்ளது. பெயரைக் கேட்டுச் சிவன் கோயில் என்று எண்ண வேண்டா; இது சொக்கப்பெருமாள் உறையும் வைணவக் கோயில். இக்கோயிலின் 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டுகளில் இவ்வூர் தொம்பலூர் என்ற பெயரால் குறிக்கப்படுகிறது. திருச்சிராப்பள்ளிக்கு அருகேயுள்ள கண்ணனூரைத் தலைநகராகக் கொண்டு ஆண்ட போசள மன்னன் வீர ராமநாதனின் பெயரும் அவற்றில் வருகிறது. எலகங்கா என்று இன்று வழங்கும் பகுதியை அக்காலத் தமிழ்க் கல்வெட்டுகள் இலைப்பாக்க நாடு என்றன. ஒரே கல்வெட்டு மரபில் காவிரிக்கரையும் பெங்களூருவும் அருகருகே நிற்பதைக் காணும்போது, எல்லைகள் எத்தனை முறை மாறியுள்ளன என்பது தெளிவாகும். பழைய எழுத்து முறையை அறியாதவர்களுக்கு முழுத் தொடரும் புரியாது. எனினும் சில எழுத்துகளைப் பிள்ளைகளே அடையாளம் கண்டுகொள்வார்கள்.

மேலும் அரை நாள் இருந்தால்

சொந்த வாகனத்தில் ஓசூர் வழியாக வருவோர் பேகூரைச் சேர்த்துக்கொள்ளலாம். அங்குள்ள பஞ்சலிங்கேசுவரர் கோயில் வளாகத்தில் கங்கர் காலத்துக் கன்னடக் கல்வெட்டு ஒன்று உள்ளது. ஏறத்தாழ கி.பி. 890ஐச் சேர்ந்த அது, பெங்களூருப் போரில் ஒரு வீரன் இறந்ததைப் பதிவு செய்கிறது. வழி தவறிய மன்னனுக்கு மூதாட்டி ஒருத்தி வெந்த பயறு அளித்ததால் ஊருக்கு இப்பெயர் வந்தது என்ற கதை பலரும் அறிந்ததே. ஆனால் அக்கதையின் நாயகனாகச் சொல்லப்படும் போசள வல்லாளனுக்கு முந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே பெங்களூரு என்ற பெயர் கல்லில் பொறிக்கப்பட்டுவிட்டது.

வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில், நந்திமலையின் அடிவாரத்தில் போக நந்தீசுவரர் கோயில் உள்ளது. 9ஆம் நூற்றாண்டில் தோன்றிச் சோழர், போசளர், விஜயநகர மன்னர் எனப் பலரும் விரிவுபடுத்திய கோயில் இது. பேகூர், நந்தி இரண்டையும் ஒரே பயணத்தில் சேர்க்க முயல வேண்டா. அவை நகரின் எதிரெதிர்த் திசைகளில் உள்ளன.

பணத்திற்கும் ஒரு திட்டம்

குறுகிய பயணத்தில் செலவு மிகுவதற்குக் காரணம் பெரும்பாலும் கடைசி நேர முடிவுகளே. ரயில் முன்பதிவு, பயண நாளுக்கு 60 நாள்கள் முன்பே தொடங்கிவிடுகிறது. தேதியை முதலில் உறுதிசெய்தால் சீட்டும் விடுதியும் நியாயமான விலையில் அமையும். இணையத்தில் சீட்டு எடுக்கும்போது விபத்துக் காப்பீட்டைத் தெரிவு செய்வோர், பின்னர் வரும் இணைப்பில் நியமனதாரரின் பெயரைப் பதிவு செய்யவும் மறவாதீர்.

செலவை மூன்று தலைப்புகளில் எழுதிக்கொள்ளுங்கள்: முன்கூட்டியே செலுத்துபவை, நாள்தோறும் ஆகுபவை, எதிர்பாராதவை. பயணமும் விடுதியும் முதல் வகை. உணவு, உள்ளூர்ப் போக்குவரத்து, நுழைவுக் கட்டணம் ஆகியவை இரண்டாம் வகை. இவற்றின் கூட்டுத்தொகையில் பத்தில் ஒரு பங்கை மூன்றாம் வகைக்கு ஒதுக்கலாம். எடுத்துக்காட்டாக, ஒரு குடும்பத்தின் மொத்த மதிப்பீடு 18,000 ரூபாய் எனில், மாதம் 3,000 ரூபாய் வீதம் ஆறு மாதத் தொடர் வைப்பில் அதனைச் சேர்த்துவிடலாம். வட்டியும் கிடைக்கும். கடன் அட்டையில் செலவழித்து, பின்னர் குறைந்தபட்சத் தொகையை மட்டும் செலுத்திவரும் வழக்கம் இதற்கு நேர்மாறானது. இரண்டு நாள் மகிழ்ச்சிக்குப் பல மாதங்கள் வட்டி கட்ட நேரிடும்.

மெட்ரோவில் ரூபே வகைத் தேசியப் பொதுப் போக்குவரத்து அட்டை ஏற்கப்படுகிறது. சென்னை மெட்ரோவில் பயன்படும் அத்தகைய அட்டையையே பெங்களூருவிலும் பயன்படுத்தலாம். ரகசிய எண் இன்றிச் செலவாகும் இருப்பு என்பதால், தேவையான அளவே தொகை ஏற்றிக்கொள்ளுங்கள்.

விடுதி முன்பதிவில் கூடுதல் கவனம் வேண்டும். தேடுபொறியில் முதலில் தோன்றும் எண்ணோ இணையதளமோ உண்மையானதாக இருக்கும் என்று கொள்ளக் கூடாது. பணம் திருப்பித் தருவதாகக் கூறி யு.பி.ஐ. ரகசிய எண்ணைக் கேட்டால் அது மோசடியே. பணம் பெறுவதற்கு அந்த எண் தேவையில்லை. ஏமாற்றப்பட்டதாக அறிந்தவுடன் 1930 என்ற எண்ணையும் உங்கள் வங்கியையும் தாமதமின்றி அழையுங்கள். தொகை வேறு கணக்குகளுக்கு மாறுவதற்குமுன் அதனை முடக்க முதல் சில மணி நேரமே மிகுந்த வாய்ப்பளிக்கும்.

கல்லைக் காப்பதும் பயணத்தின் பகுதி

பெங்களூரு மாவட்டக் கல்வெட்டுகளை பி.எல். ரைஸ் தொகுத்து 1905இல் நூலாக வெளியிட்டார். அன்றிலிருந்து இன்றுவரை நகரம் பன்மடங்கு பெருத்துவிட்டது. வயல்வரப்பிலும் ஏரிக்கரையிலும் நின்ற கற்கள் பல, கட்டட அடித்தளத்திலும் சாலையின் அடியிலும் மறைந்துவிட்டன. மாறாக, ஹெப்பாள் பகுதியில் 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த கல்வெட்டு ஒன்று அண்மைக் காலத்தில் கண்டறியப்பட்டு, உள்ளூர் மக்களின் முயற்சியால் காக்கப்பட்டுள்ளது. நகரில் இதுவரை அறியப்பட்ட கன்னடக் கல்வெட்டுகளுள் மிகப் பழமையானது அதுவே.

ஆகவே எழுத்துள்ள கல்லின்மீது சாய்ந்து நின்று படம் எடுக்காதீர். எழுத்துத் தெளிவாகத் தெரியட்டும் என்று சுண்ணக்கட்டியோ மஞ்சளோ தேய்க்காதீர். பக்கவாட்டிலிருந்து ஒளி விழும் காலையிலோ மாலையிலோ படம் எடுத்தால் எழுத்துகள் தாமே துலங்கும். ஊர் திரும்பியபின் அதே கவனத்தோடு உங்கள் ஊர்க் கோயில் மதிலையும் ஏரிக்கரையையும் ஒருமுறை சுற்றிப் பாருங்கள். அங்கும் கேட்பாரற்று ஓர் எழுத்துக்கல் கிடந்தால், வட்டாட்சியர் அலுவலகத்திற்கோ தொல்லியல் துறைக்கோ எழுதித் தெரிவியுங்கள்.